இது எத்தனை ஆள் வேலை?

"அம்மா ஒரு வேலையை 3 நாளில் முடிப்பார். அதே வேலையை முடிக்க அத்தைக்கு 6 நாள் ஆகும். இருவரும் சேர்ந்து செய்தால் எத்தனை நாளில் முடியும்?"

கோயில் மண்டபத்துத் தூணில் சாய்த்து வைத்த கரும்பலகையில் இதை எழுதிவிட்டுத் திரும்பினேன். எதிரே பதினோரு பிள்ளைகள், ஆறாம் வகுப்பிலிருந்து எட்டாம் வகுப்பு வரை. ஏழு பேர் 9 என்று எழுதினார்கள். மூன்று பேர் கூட்டி இரண்டால் வகுத்து நாலரை என்றார்கள். ஒரு பெண் மட்டும் எதுவும் எழுதவில்லை. "ஏன் எழுதவில்லை?" என்று கேட்டேன். "ஒன்பது வருகிறது அக்கா, ஆனால் அது தப்பு" என்றாள். ஏன் தப்பு என்று அவளுக்குச் சொல்லத் தெரியவில்லை. அன்றைக்கு எனக்கும் ஒழுங்காகச் சொல்லத் தெரியவில்லை.

2022 தொடக்கம் அது. கொரோனாவில் பள்ளிகள் மூடிக் கிடந்த காலத்தின் கற்றல் இழப்பை ஈடுகட்ட, தமிழ்நாட்டு அரசு 2021 அக்டோபரில் இல்லம் தேடிக் கல்வித் திட்டத்தைத் தொடங்கியிருந்தது. மன்னார்குடிப் பக்கத்தில் இருக்கும் எங்கள் ஊரில் நான் தன்னார்வலராகச் சேர்ந்தேன். மாலையில் ஒன்றரை மணி நேரம் வகுப்பு. மற்ற நேரமெல்லாம் குரூப் 4 தேர்வுக்குப் படித்துக்கொண்டிருந்தேன். அந்தத் தேர்வின் 200 கேள்விகளில் 25 கணக்கும் மனத்திறனும். அதில் காலமும் வேலையும் தவறாமல் தலைகாட்டும் பகுதி என்பதால், சூத்திரம் எனக்கு மனப்பாடம். அதையே பிள்ளைகளுக்கும் கொடுத்தேன்: இரண்டு எண்ணையும் பெருக்கு, இரண்டையும் கூட்டு, பெருக்கியதைக் கூட்டியதால் வகு. மூவாறு பதினெட்டு, மூன்றும் ஆறும் ஒன்பது, விடை 2 நாள். பத்து நிமிடத்தில் எல்லோரும் சரியாகப் போட்டார்கள். எனக்கும் பெருமையாக இருந்தது.

அடுத்த வாரம் அதே கணக்கில் பெரியம்மாவையும் சேர்த்தேன். அவர் தனியாகச் செய்தால் 2 நாள். பிள்ளைகள் மூன்று எண்ணையும் பெருக்கினார்கள்: 36. மூன்றையும் கூட்டினார்கள்: 11. வகுத்து, மூன்று நாளும் இன்னும் கொஞ்சமும் என்று எழுதிக்கொண்டு வந்தார்கள். பெரியம்மா தனியாகவே இரண்டு நாளில் முடிக்கிற வேலை, மூன்று பேர் சேர்ந்தால் எப்படி மூன்று நாளைத் தாண்டும்? ஒரு பிள்ளைக்குக்கூட அது உறுத்தவில்லை. போன வாரம் ஒன்பதைப் பார்த்து "தப்பு" என்று சொன்ன அந்தப் பெண்ணுக்கும் உறுத்தவில்லை. அதுதான் என்னைச் சுட்டது. அவளிடம் இருந்த நல்ல சந்தேகத்தை என் சூத்திரம் பிடுங்கிக்கொண்டுவிட்டது.

அதே மாதம் நான் எழுதிய ஒரு மாதிரித் தேர்வில் வந்த கணக்கு: ஒருவர் 12 நாளிலும் மற்றவர் 15 நாளிலும் முடிக்கும் வேலையை இருவரும் சேர்ந்து தொடங்குகிறார்கள். 4 நாள் கழித்து முதலாமவர் போய்விடுகிறார். மீதி வேலை முடிய இன்னும் எத்தனை நாள் ஆகும்? சூத்திரப்படி இருவரும் சேர்ந்தால் 6⅔ நாள். அதில் நான்கைக் கழித்து 2⅔ என்று குறித்தேன். அந்த எண் விருப்ப விடைகளிலும் இருந்தது. போய்விட்ட ஆளைக் கடைசி வரை வேலை செய்ய வைத்துவிட்டேன் என்பது விடைத்தாளைப் பார்த்த பிறகுதான் புரிந்தது. பிள்ளைகளுக்கு வந்த அதே நோய்தான் எனக்கும். எதைக் கூட்டுகிறோம் என்று தெரியாமல் கூட்டுவது.

வழி காட்டியவர் என் அப்பாயி, அப்பாவைப் பெற்றவர். பள்ளிக்கூடம் போகாதவர். நாற்பது வருடம் நடவுக்கு ஆள் கூட்டிப் போனவர். ஒரு நாள் பக்கத்து வீட்டுக்காரர் வந்து, "அஞ்சு மா நடணும், நாளைக்கு மறுநாள் முடிஞ்சிடணும்" என்றார். அப்பாயி வெற்றிலையை மடித்துக்கொண்டே, "மாவுக்கு நாலு ஆள். இருபது ஆள் வேலை. பத்துப் பேரைக் கூட்டிக்கொண்டு வருகிறேன்" என்றார். கணக்கு முடிந்துவிட்டது. (மா என்பது எங்கள் பக்கத்து நில அளவு. நூறு குழி ஒரு மா, இருபது மா ஒரு வேலி. மா என்றால் பழைய தமிழ்க் கணக்கில் இருபதில் ஒரு பங்கு என்றே பொருள். பின்னத்தின் பெயரையே நிலத்துக்கு வைத்த ஊரில் பிள்ளைகள் பின்னத்தைக் கண்டு நடுங்குகிறார்கள்.)

"இருபது ஆள் வேலை" என்ற அந்தச் சொல்லைச் சிறு வயதிலிருந்து எத்தனையோ முறை கேட்டிருக்கிறேன். அன்றைக்குத்தான் காதில் விழுந்தது. அப்பாயி வேலையை நாளால் அளக்கவில்லை, ஆளால் அளக்கிறார். வேலைக்கு ஓர் உருவம் கொடுத்து, எண்ணக்கூடிய பொருளாக்கி முன்னால் வைத்துவிடுகிறார். அதன் பிறகு 20 பேர் ஒரு நாளா, 10 பேர் இரண்டு நாளா, 5 பேர் நான்கு நாளா என்பது வெறும் பங்கு பிரிப்பது. ஏழாம் வகுப்பில் எதிர் விகிதம் என்று நடத்துவது முழுக்க இதுதான். குறுக்குப் பெருக்கலை மட்டும் பழகிய பிள்ளை, "10 பேருக்கு 2 நாள் என்றால் 5 பேருக்கு?" என்று கேட்டால் 1 நாள் என்று கூசாமல் சொல்லும். "இது இருபது ஆள் வேலை" என்று சொல்லிவிட்டுக் கேட்டுப் பாருங்கள், சொல்லாது.

மறுநாள் சூத்திரத்தைப் பலகையிலிருந்து அழித்தேன். "வேலை" என்ற சொல்லையும் அழித்தேன். பிள்ளைகளுக்கு "ஒரு வேலை" என்பது புகை மாதிரி, கையில் பிடிபடாது. அதற்குப் பதிலாகக் கீற்று என்று எழுதினேன். எங்கள் ஊரில் தென்னை மட்டையைத் தண்ணீரில் ஊறப்போட்டுக் கீற்று முடையாத வீடு குறைவு. "300 கீற்று முடைய வேண்டும். அம்மாவுக்கு 3 நாள், அத்தைக்கு 6 நாள். அம்மா ஒரு நாளைக்கு எத்தனை முடைவார்?" நூறு. "அத்தை?" ஐம்பது. "இருவரும் ஒரே நாளில் உட்கார்ந்தால்?" நூற்றைம்பது. "அப்படியானால் முந்நூறுக்கு?" இரண்டு நாள் என்ற குரல் மண்டபம் முழுக்க எழுந்தது. யாரும் ஒன்பது என்று சொல்லவில்லை. நாட்களைக் கூட்டலாமா என்று ஒருவரும் யோசிக்கக்கூட இல்லை, ஏனென்றால் கூட்டுவதற்குக் கண்ணெதிரே கீற்று இருந்தது.

ஆறாம் வகுப்புப் பையன் ஒருவன் கேட்டான்: "கணக்கில் முந்நூறு என்று இல்லையே அக்கா, நீங்களாகத்தானே போட்டீர்கள்?" இந்தக் கேள்விக்காக நான் இன்றும் அவனுக்குக் கடன்பட்டிருக்கிறேன். "சரி, உனக்குப் பிடித்த எண்ணைப் போடு" என்றேன். அவன் 60 போட்டான். இருபதும் பத்தும் முப்பது, அறுபதுக்கு 2 நாள். இன்னொருத்தி 6 போட்டாள். இரண்டும் ஒன்றும் மூன்று, 2 நாள். ஒருவன் வேண்டுமென்றே 100 போட்டான். மூன்றால் வகுபடாமல் திணறினான், ஆனால் விடாமல் போட்டுப் பார்த்து அவனும் இரண்டில்தான் வந்து நின்றான். எத்தனை கீற்று என்பது விடையை மாற்றுவதில்லை என்பதைப் பிள்ளைகள் தாங்களே கண்டுபிடித்தார்கள். நான் சொல்லிக் கொடுத்திருந்தால் அது இன்னொரு சூத்திரமாக ஆகியிருக்கும்.

எந்த எண்ணைப் போட்டால் கை வலிக்காது என்பதையும் அவர்களே கண்டார்கள்: கொடுத்த நாட்கள் எல்லாவற்றாலும் மீதியின்றி வகுபடும் எண். மீச்சிறு பொது மடங்கு என்று பள்ளியில் கற்றுக் கொடுத்தது எதற்கு என்று அன்றைக்குத்தான் சிலருக்குத் தெரிந்தது. நான்கு நாள் இப்படியே விளையாடிய பிறகு கேட்டேன்: "ஒரே ஒரு பெரிய கீற்றுதான் முடைய வேண்டும் என்றால்?" கொஞ்ச நேரம் அமைதி. "அம்மா ஒரு நாளில் மூன்றில் ஒரு பங்கு முடைவார்" என்றாள் அந்தப் பழைய சந்தேகக்காரி. அத்தை ஆறில் ஒரு பங்கு. இரண்டையும் கூட்டினால் அரை. ஒரு நாளில் அரைக் கீற்று, முழுக் கீற்றுக்கு இரண்டு நாள். எட்டாம் வகுப்புப் புத்தகம் முதல் வரியிலேயே எடுத்துக்கொள்ளும் பின்னத்துக்கு நாங்கள் ஐந்தாம் நாள் வந்து சேர்ந்தோம். சுற்று வழிதான். ஆனால் வந்து சேர்ந்தபோது எல்லோரும் கூடவே இருந்தார்கள்.

வீட்டில் பிள்ளைக்குச் சொல்லிக் கொடுக்கும் பெற்றோருக்கு இங்கே ஒன்றை அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். பின்னத்தில் தொடங்காதீர்கள். கணக்கில் வரும் வேலை எதுவாக இருந்தாலும் அதை எண்ணக்கூடிய ஒன்றாக முதலில் மாற்றச் சொல்லுங்கள். சுவர் என்றால் செங்கல், தொட்டி என்றால் குடம், புத்தகம் என்றால் பக்கம். "ஒரு நாளில் எவ்வளவு?" என்ற ஒரே கேள்வியை ஒவ்வோர் ஆளுக்கும் கேட்கச் சொல்லுங்கள். அந்தக் கேள்விக்கு விடை கிடைத்த பிறகு கூட்டல் தானாக வரும்.

இன்னொரு பழக்கத்தையும் அப்போதுதான் ஏற்படுத்தினோம். பேனாவைத் தொடுவதற்கு முன்னால் விடைக்கு ஒரு வேலி போடுவது. அம்மா தனியாகவே 3 நாளில் முடிப்பார், ஆகவே உதவிக்கு யார் வந்தாலும் 3-க்குக் கீழேதான் வர வேண்டும். அத்தையும் அம்மா அளவுக்கு வேகமானவராக இருந்திருந்தால் ஒன்றரை நாள் ஆகியிருக்கும், அத்தை அவ்வளவு வேகம் இல்லை, ஆகவே ஒன்றரைக்கு மேல். விடை ஒன்றரைக்கும் மூன்றுக்கும் நடுவில் எங்கோ இருக்கிறது. இவ்வளவையும் வாயால் சொல்லிவிட்டுக் கணக்குப் போட்டால் ஒன்பதும் நாலரையும் எட்டிப் பார்க்காது. பெரியம்மா வந்த கணக்கையும் மறுபடி போட்டோம்: 300 கீற்றில் அவர் நாளுக்கு 150, அம்மா 100, அத்தை 50, ஆக ஒரே நாளில் முடிந்தது. முந்தின வாரம் தாங்கள் எழுதிய விடையைப் பார்த்துப் பிள்ளைகள் வெட்கப்பட்டார்கள். வெட்கப்பட வேண்டியவள் நான் என்று அவர்களிடம் சொன்னேன்.

மாதிரித் தேர்வில் நான் தவறவிட்ட கணக்கையும் அவர்கள் முன்னாலேயே போட்டேன். 12-க்கும் 15-க்கும் பொதுவாக 60 கீற்று. ஒருவர் நாளுக்கு 5, மற்றவர் 4. நான்கு நாள் சேர்ந்து செய்தது 36. மீதி 24. இப்போது உட்கார்ந்திருப்பவர் நாளுக்கு 4 முடைகிறவர் மட்டும், ஆகவே 6 நாள். பாதியில் வருவது, பாதியில் போவது, ஒன்றுவிட்ட ஒரு நாள் மாறி மாறிச் செய்வது என்று எத்தனை வகையாகக் கேட்டாலும் இதுவரை முடைந்தது எவ்வளவு, மீதி எவ்வளவு, இப்போது யார் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று பார்த்தால் போதும். அந்த வகைக் கணக்குகள் அதன் பிறகு என்னை ஏமாற்றவில்லை.

தொட்டிக் கணக்கு பிள்ளைகளுக்குச் சுலபமாக வந்தது. மோட்டார் 4 மணி நேரத்தில் நிரப்பும், திறந்து கிடக்கும் குழாய் 6 மணி நேரத்தில் காலி செய்யும். 12 குடத் தொட்டி என்று வைத்தார்கள்: மணிக்கு மூன்று வரவு, இரண்டு செலவு, ஒன்று மிச்சம், 12 மணி நேரம். அதோடு ஒரு பழைய கணக்கையும் சொன்னேன். 1150 வாக்கில் இரண்டாம் பாஸ்கரர் எழுதிய லீலாவதியில் உள்ளது. நான்கு நீரூற்றுகள். தனித்தனியே திறந்தால் ஒரு குளத்தை ஒன்று ஒரு நாளிலும், ஒன்று அரை நாளிலும், ஒன்று நாளில் மூன்றில் ஒரு பங்கிலும், ஒன்று ஆறில் ஒரு பங்கிலும் நிரப்பும். நான்கையும் ஒன்றாகத் திறந்தால்? பின்னங்களைக் கண்டு முகம் சுருங்கியவர்களிடம், "ஒரு முழு நாளில் ஒவ்வொன்றும் எத்தனை குளம் நிரப்பும்?" என்று மட்டும் கேட்டேன். ஒன்று, இரண்டு, மூன்று, ஆறு. ஆகப் பன்னிரண்டு குளம். அப்படியானால் ஒரு குளத்துக்கு நாளில் பன்னிரண்டில் ஒரு பங்கு, அதாவது இரண்டு மணி நேரம். நம் பாட்டிகள் கணக்கில் ஐந்து நாழிகை. எண்ணூறு வருடத்துக்கு மேல் பழைய கணக்கை எங்கள் ஊர்ப் பிள்ளைகள் வாய்க்கணக்காகவே போட்டுவிட்டார்கள் என்று அன்று இரவு அப்பாயியிடம் சொல்லி மகிழ்ந்தேன்.

எனக்கு இன்னும் கோபம் அடங்காத ஒன்று இருக்கிறது. தேர்வுப் பயிற்சிப் புத்தகங்களில் மீண்டும் மீண்டும் வரும் வகை: "3 ஆண்கள் அல்லது 5 பெண்கள் ஒரு வேலையை 12 நாளில் முடிப்பர் எனில், 6 ஆண்களும் 5 பெண்களும் எத்தனை நாளில் முடிப்பர்?" யோசிக்காமல் பலகையில் எழுதிவிட்டேன். எட்டாம் வகுப்புப் பெண் ஒருத்தி எழுந்து, "என்ன வேலை அக்கா?" என்றாள். "ஏதோ ஒரு வேலை." "நடவு என்றால் ஆண்கள் வரவே மாட்டார்களே. எங்கள் அம்மா நடுகிற வேகத்துக்கு அப்பாவால் நட முடியாது." அவள் அம்மா அன்றைக்கும் வயலுக்குப் போய்விட்டு வந்திருந்தார். ஐந்து பேர் சேர்ந்தால்தான் மூன்று பேருக்கு ஈடு என்று அவள் அம்மாவைப் பற்றி நான் பலகையில் எழுதி வைத்திருந்தேன். உடனே அழித்தேன். 3 பெரிய மோட்டார், 5 சிறிய மோட்டார் என்று மாற்றி எழுதினேன். கணக்கில் ஒரு எண்கூட மாறவில்லை: 6 பெரிய மோட்டார் இரண்டு மடங்கு, 5 சிறியவை ஒரு மடங்கு, ஆக மும்மடங்கு வேகம், 4 நாள். ஒரு கணக்கைக் கற்றுக் கொடுக்க ஒரு பிள்ளையின் தாயைச் சிறுமைப்படுத்த வேண்டிய தேவை எங்கே இருக்கிறது? வேகம் வேறுபட வேண்டுமென்றால் பழகிய கை, புதிய கை என்று எழுதலாம். பெரிய இயந்திரம், சிறிய இயந்திரம் என்று எழுதலாம். கணக்கு எழுதுகிறவர்கள் இதைக் கொஞ்சம் எண்ணிப் பார்க்க வேண்டும்.

கூலிக் கணக்கிலும் பிள்ளைகள் என்னைத் திருத்தினார்கள். 300 கீற்றுக்கு 600 ரூபாய், அம்மாவும் அத்தையும் இரண்டு நாள் சேர்ந்து முடைந்தார்கள், எப்படிப் பிரிப்பது? புத்தகத்து விடை, முடைந்த அளவுப்படி 400, 200. "இரண்டு பேரும் இரண்டு நாள் வந்திருக்கிறார்கள், ஆளுக்கு 300 கொடுக்க வேண்டும்" என்றான் ஒருவன். அவன் சொன்னது தப்பில்லை. நடவுக்கு நாள் கூலி, வேகமாக நட்டாலும் மெதுவாக நட்டாலும் ஒரே கூலி. கீற்றுக்கு எண்ணிக்கைக் கூலி. புத்தகத்துக் கணக்கு எப்போதும் எண்ணிக்கைக் கூலியையே மனத்தில் வைத்துக்கொண்டு பேசுகிறது, ஆனால் அதை வாய்விட்டுச் சொல்வதில்லை. புத்தகத்தில் வரும் ஆள் களைப்பதும் இல்லை. மதியத்துக்கு மேல் கை தளரும் என்று அப்பாயிக்குத் தெரியும், அதனால்தான் நெருக்கடி நாளில் இருபது ஆள் வேலைக்கு இருபத்திரண்டு பேரைக் கூட்டிப் போவார். இப்படிச் சொல்லாமல் விட்டவற்றைப் பிள்ளைகள் தோண்டி எடுக்கும்போது "அதெல்லாம் கேட்காதே, கணக்கைப் போடு" என்று அடக்கிவிடாதீர்கள். கேட்ட கேள்வியைப் பலகையின் ஓரத்தில் எழுதி வைத்துவிட்டு, "கணக்கு எதை ஒப்புக்கொள்ளச் சொல்கிறது?" என்று கேளுங்கள். பிறகு விடைக்குப் போகலாம்.

கடைசி வாரத்தில் அவரவர் சொந்தமாக ஒரு கணக்கு எழுதி வர வேண்டும் என்றேன். பெரும்பாலும் மோட்டாரும் தொட்டியுமாக வந்தன. முதல் நாள் ஒன்பதைப் பார்த்துத் தயங்கிய பெண் எழுதியது இது: "300 கீற்று முடைய வேண்டும். அம்மா ஒரு நாளைக்கு 100 முடைவார். எங்கள் ஆடு ஒரு நாளைக்கு 25 கீற்றை மிதித்துப் பாழாக்கிவிடும். எத்தனை நாளில் முடியும்?" விடையையும் எழுதியிருந்தாள்: நூறில் இருபத்தைந்து போனால் எழுபத்தைந்து, ஆகவே 4 நாள். தொட்டியின் ஓட்டைக் குழாயை அவள் ஆடாக மாற்றியிருந்தாள். நான் பாராட்டி வாயெடுப்பதற்குள், முந்நூறு எங்கிருந்து வந்தது என்று அன்றைக்குக் கேட்ட அதே பையன் எழுந்துவிட்டான்.

"உங்கள் ஆடு பகலெல்லாம் மேய்ச்சலுக்குப் போய்விடுமே. மாலையில்தானே வீட்டுக்கு வரும்?"

"ஆமாம், அதற்கு என்ன?"

"மூன்றாம் நாள் ஆடு மிதித்த பிறகு 225 இருக்கும். நான்காம் நாள் மீதி 75-தான். அம்மா முக்கால் நாளில் முடைந்துவிடுவார். ஆடு வருவதற்குள் கீற்றை எடுத்துப் பரணில் போட்டுவிடலாம். மூன்றே முக்கால் நாள்."

அவள் ஒப்புக்கொள்ளவில்லை. ஆடு சில நாள் மேய்ச்சலுக்குப் போகாமல் கொட்டிலிலேயே நிற்கும் என்றாள். அப்படியானால் அதைக் கணக்கிலேயே எழுதியிருக்க வேண்டும் என்றான் அவன். மற்றவர்கள் இரண்டு கட்சியாகப் பிரிந்துவிட்டார்கள். வகுப்பு நேரம் முடிந்து, குருக்கள் வந்து கோயில் விளக்கை ஏற்றிய பிறகும் யாரும் எழுந்திருக்கவில்லை. இரண்டு விடைகளையும் பலகையில் பக்கத்துப் பக்கத்தில் எழுதி, ஒவ்வொன்றின் கீழும் ஆடு எப்போது வரும் என்று அவர்களையே எழுதச் சொன்னேன்.